எங்கள் பதின்மூன்று பேரை இறக்கிய கதை

“…அவசரமே இல்லை, மதாம், முதல்ல தண்ணியைக் குடியுங்கோ. எப்பிடிச் சுட்டவங்கள், ஆர் சுட்டது எண்டதெல்லாம் பேந்து ஆறுதலாச் சொல்லலாம்,” என்றார் எனக்கு எதிரே இருந்த பரீட்சகர் அம்மா.

அவர் சொன்னது பிரெஞ்சில். ஆனால் யார் எந்த மொழியில் என்னோடு கதைத்தாலும் என் காதுக்குள் போய் விழும்போது அது யாழ்ப்பாணத்துத் தமிழாகத்தான் விழும். விழுந்தபடியே எழுதுகிறேன்.

மொன்றியலில் எங்களைப் போல வந்து சேர்ந்தவர்களுக்குப் பிரெஞ்சு படிப்பிக்கும் ஒரு கட்டடத்தின் இரண்டாம் மாடி அது. வாய்மொழிப் பரீட்சை. மேசையில் கவிழ்த்து வைத்திருக்கும் மட்டைகளில் ஒன்றை எடுக்க வேண்டும். அதில் இருப்பதைப் பற்றிப் பத்து நிமிடம் கதைக்க வேண்டும். பிறகு அவர் கேள்வி கேட்பார். எனக்கு வந்த மட்டையில் ‘உங்களை உலுக்கிய ஒரு சம்பவம்’ என்று இருந்தது. எனக்கு உள்ளுக்குள் பெரிய சந்தோசம். என்ன மட்டை வந்தாலும் ஒரே விஷயத்தைத்தான் சொல்வதென்று ஏற்கனவே முடிவெடுத்து வைத்திருந்தேன். மட்டையே வந்து அதற்குள் பொருந்திவிட்டது.

ஆகவே மூச்சை இழுத்துக்கொண்டு இப்படித் தொடங்கினேன்: “போன மாதம், எங்கட ஊருக்குப் பக்கத்து ஊரில வைச்சு, எங்கட பதின்மூண்டு பேரையும் இறக்கிப்போட்டாங்கள். நான் எல்லாத்தையும் ரெலிபோனில கேட்டுக்கொண்டிருந்தன்.”

இறக்கிப்போட்டார்கள் என்பதற்கு நான் போட்ட சொல் ‘தெஸோந்தூ’. படியால் இறக்குவது, பஸ்ஸால் இறக்குவது எல்லாவற்றுக்கும் அந்தச் சொல்தான் என்று வகுப்பில் படித்திருந்தேன். ஆளை அப்படி ‘இறக்கினால்’, சுட்டு விழுத்திவிட்டார்கள் என்று அர்த்தம் வரும் என்பதை யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை.

அம்மாவின் பேனா நின்றுவிட்டது. என்னுடைய தாளைப் பார்த்தார். அதில் பிறந்த நாடு இலங்கை என்று இருந்தது. கண்ணாடியைக் கழற்றினார். நான் என்ன நினைத்தேன் தெரியுமா? இந்த நகரத்தில் நாலு வருசமாக இருக்கிறேன், எங்கள் அணிக்காகக் கண்கலங்குகிற முதல் மனிசியை இன்றைக்குத்தான் கண்டேன் என்று நினைத்தேன். அவர் வாயிலிருந்து ‘சுட்டவங்கள்’ என்ற சொல் வந்த பிறகுதான் நான் என்ன சொல்லிவிட்டேன் என்று விளங்கியது.

அந்தப் பதின்மூன்று பேர் யாரென்று சொல்லிவிட்டுத்தான் மேலே போக முடியும்.

மொன்றியலுக்கு வருமுன் நானும் கணவரும் ஆறு வருசம் வட இங்கிலாந்தில் ஒரு சின்ன ஊரில் இருந்தோம். நிலக்கரிச் சுரங்கங்களை மூடிவிட்டுப் போன ஊர். அங்கே சனத்துக்கு மிச்சமிருந்தது ஒரு மைதானமும் ஒரு றகர் அணியும், அதுதான் ரக்பி. றகர் என்றதும் எங்கள் ஆட்கள் கொழும்பிலும் கண்டியிலும் பெரிய பள்ளிக்கூடத்துப் பொடியன்கள் விளையாடியதை நினைப்பார்கள். அது பதினைந்து பேருடையது. இது பதின்மூன்று பேருடையது. இரண்டையும் ஒன்றென்று அந்த ஊரில் சொன்னால் உங்களுக்குத் தேத்தண்ணி கிடைக்காது.

போட்டி நாட்களில் அந்த மைதானத்துச் சிற்றுண்டிக் கடையில் எனக்கு வேலை. மாவுக்குள் இறைச்சி வைத்துச் சுட்ட ‘பை’யும், அவித்து மசித்த பச்சைப் பட்டாணியும், தேத்தண்ணியும் விற்போம். கடையை நடத்தியவர் ஐம்பது வயதுக்காரி. முதல்நாள் நான் உள்ளே போனதும் என்னைப் பார்த்து, “இப்ப, பேந்து, என்ர அன்பே,” என்றார். நான் குழம்பிப் போனேன். இப்போதா, பிறகா, எது? பதில் சொல்லத் தெரியாமல், “இப்ப,” என்றேன். கடை முழுக்கச் சிரிப்பு. அந்தப் பக்கத்தில் ‘நவ் தென்’ என்றால் வணக்கம், அவ்வளவுதான். அந்த ஒரு சொல்லுக்காகவே அந்த ஊர் எனக்குப் பிடித்துப் போனது. ஒரு ஆளைக் கண்டதும் இன்றையையும் நாளையையும் சேர்த்துக் கொடுக்கிற ஊர் வேறெங்கே இருக்கிறது?

விளையாட்டையும் அவர்தான் எனக்குச் சொல்லித் தந்தார், பட்டாணி கிண்டிக்கொண்டே. “பந்து எங்கட கையில. அவங்கள் விழுத்துவாங்கள். விழுந்தவன் எழும்பவேணும். பந்தை நிலத்தில வைச்சுக் காலால பின்னுக்குத் தட்டவேணும். பின்னுக்கு நிக்கிறவன் எடுத்துக்கொண்டு ஓடுவான். திரும்ப விழுத்துவாங்கள். ஆறுதரம். ஆறுதரத்துக்குள்ள கோட்டைத் தாண்டாட்டிப் பந்து அவங்களுக்கு. விளங்கினதோ?” விளங்கியது. அதற்குமேல் விளங்குவதற்கும் ஒன்றுமில்லை. ஆனால் விழுந்த மனிதன் சேற்றுக்குள்ளிருந்து எழும்பி, தன்னை விழுத்தியவனைப் பார்க்காமல், பந்தைக் காலால் தட்டுகிற அந்த ஒரு நொடியை நான் கடை யன்னலால் ஆயிரம் தரம் பார்த்திருப்பேன். ஒருதரமும் அலுக்கவில்லை.

அவருக்கு இன்னொரு பழக்கம். தோற்றோம் என்று சொல்லமாட்டார். “நேரம் காணாமப் போச்சு,” என்பார், நேரம் போதவில்லையாம். முப்பது புள்ளி வித்தியாசத்தில் விழுந்தாலும் அதேதான்.

பிறகு எங்கள் அகதிக் கேஸை இங்கிலாந்து ஏற்கவில்லை. கனடா ஏற்றது. அந்தக் கதை இங்கே வேண்டாம். இரண்டு நாட்டிலும் இரண்டு தரம், மேசைக்கு அந்தப்பக்கம் இருந்த ஆட்களுக்கு அதைச் சொல்லி முடித்துவிட்டேன். எழுதியும் கொடுத்தேன், கையெழுத்தும் வைத்தேன். அதோடு அது முடிந்தது.

மொன்றியலில் எனக்குத் துறைமுகத்தடியில் ஒரு கிடங்கில் பெட்டி கட்டுகிற வேலை கிடைத்தது. கொள்கலன் கதவு திறந்தால் ஆற்றுக் காற்று எலும்புக்குள் போகும். போட்டிகளைத் தொலைபேசியில்தான் கேட்டேன். மூலைக்கடையில் கோலிங் காட், அதுதான் வெளிநாட்டுக்குப் போன் எடுக்கிற அட்டை, வாங்கி இங்கிலாந்தில் அந்தச் சிற்றுண்டிக் கடைக்கார மனிசிக்குப் போன் அடிப்பேன். அவர் ரேடியோவுக்குப் பக்கத்தில் போனைப் பிடித்துக்கொண்டு, ரேடியோக்காரனுக்கு மேலால் தானும் கத்துவார்.

இரண்டாயிரத்து ஆறாம் ஆண்டுப் பருவம் அது. மொத்தம் பன்னிரண்டு அணிகள். ஆண்டு முடிவில் கடைசியாக வருகிற அணியைக் கீழ்ப்பிரிவுக்கு இறக்கிவிடுவார்கள். அந்த வருசம் ஒரு புதினம் நடந்தது. பிரான்சின் தெற்கிலிருந்து ஒரு அணியை முதல்தரமாக உள்ளே எடுத்தார்கள். எடுக்கும்போதே, மூன்று வருசத்துக்கு உங்களை இறக்கமாட்டோம் என்று வாக்கும் கொடுத்தார்கள். அதாவது அவர்கள் கடைசியாக வந்தால், கடைசிக்கு முதல் அணி இறங்க வேண்டும்.

அப்படியேதான் வந்து நின்றது. பிரெஞ்சு அணி அடியில். அதற்கு மேலே இரண்டு ஊர்கள், நாங்களும் பக்கத்து ஊரும். இரண்டும் சுரங்க ஊர்கள், பஸ்ஸில் போனால் அரை மணித்தியாலம். கடைசிச் சனிக்கிழமை இரண்டு பேரும் மோத வேண்டும், அவர்களுடைய மைதானத்தில். சமனாக முடிந்தாலே எங்களுக்குப் போதும்.

கிடங்கில் அன்றைக்கு எனக்கு வேலை. மேற்பார்வையாளரிடம் லீவு கேட்டேன். “ஆர் செத்தது?” என்றார். ஒருவரும் சாகவில்லை, றகர் இருக்கிறது என்றேன். அவர் சிரித்துவிட்டு இல்லை என்றார். நானும் சிரித்துவிட்டு அன்றைக்குப் போகவில்லை. அதற்கு ஒரு எச்சரிக்கைக் கடிதம் தந்தார்கள், இன்னும் வைத்திருக்கிறேன்.

இங்கே மத்தியானம், அங்கே பின்னேரம். குசினி மேசையில் இருந்து கேட்டேன். முடிவில் ரேடியோச் சத்தம் நின்றது. மனிசிதான் நிப்பாட்டியிருக்க வேண்டும். பிறகு, “எங்களை இறக்கிப்போட்டாங்கள், என்ர அன்பே,” என்றார். நேரம் காணாமல் போச்சு என்று அவர் சொல்லாத ஒரே நாள் அது. நான் ஏதோ ஆறுதல் சொல்ல வாயெடுத்தேன். “ஆறுதல் வேண்டாம். வாற வருசம் முழுக்கப் பார்க்கிறதுக்கு ரிக்கற்றுக்கு நான் பெயர் குடுத்திட்டன். கீழ நிண்டாலும் மைதானம் அதே மைதானம்தானே,” என்று வைத்துவிட்டார்.

என்னைக் கொதிக்க வைத்தது தோல்வி இல்லை. எங்களுக்குக் கீழே ஒருவர் இருக்க, எங்களை இறக்கியதுதான். நான் யாருக்குப் போய் இதைச் சொல்வது? கணவரிடம் சொன்னால், “பதின்மூண்டு பேர் விழுந்தெழும்பினதுக்கு நீர் ஏனப்பா சாப்பிடாமல் இருக்கிறீர்?” என்கிறார்.

அந்த நேரத்தில்தான் செயின்ட்-மிஷேலில் ஒரு கார்தெரியில், அதுதான் வேலைக்குப் போகிறவர்கள் பிள்ளைகளை விடும் இடம், சமையல் வேலை வந்தது. அறுபது பிள்ளைகளுக்குச் சாப்பாடு. சூடான அறை, சுத்தமான அறை, அளவான நேரம். அதை நடத்துகிறவர் என் கையால் செய்த சூப்பைக் குடித்துவிட்டு, வேலை உங்களுக்குத்தான், ஆனால் மாத முடிவுக்குள் பிரெஞ்சு வாய்மொழித் தேர்ச்சிக் கடிதம் வேண்டும், இல்லாவிட்டால் அடுத்த ஆளை எடுப்பேன் என்றார். பிள்ளைகளுக்கு எந்தச் சாப்பாடு ஒத்துவராது என்று தாய்மார் வந்து சொல்வார்கள், அது விளங்க வேண்டும், நியாயம்தான்.

நான் வைகாசியில் ஒருதரம் அந்தப் பரீட்சையில் தவறியவள். எல்லோரும் சொன்னார்கள் என்று ஐஸ் ஹொக்கியைப் பாடமாக்கிக்கொண்டு போனேன். ஒரு ஆட்டத்தையும் நான் பார்த்ததில்லை. ‘அப்படி நடந்திருந்தால் இப்படி ஆகியிருக்கும்’ என்ற மாதிரி வசனத்தில் பதில் சொல்லச் சொன்னார்கள். நான் வாயைத் திறந்தபடி இருந்தேன்.

இந்தமுறை எல்லோரிடமும் ஒரே மருந்துதான் இருந்தது. கணவர் சொன்னார்: “இஞ்சேரும், நீர் எங்கட நாட்டுச் சண்டையைச் சொல்லும். கண்ணை மூடிக்கொண்டு பாஸ் போடுவினம்.” வகுப்பில் என் பக்கத்தில் இருந்த சென்னைப் பையன், கம்ப்யூட்டர் வேலைக்கு வந்தவன், அவனும் சொன்னான்: “அக்கா, நம்ம கிட்டதான் சோகமே இல்ல, உங்க கிட்ட இருக்குல்ல, யூஸ் பண்ணுங்க.” அவன் நல்ல பிள்ளை, மனதில் ஒன்றும் வைத்துச் சொல்லவில்லை.

ஆனால் அந்த ஆவணியில் சண்டை தொடங்கி யாழ்ப்பாணத்துக்குப் போகும் பாதையை மூடிவிட்டார்கள். என் தம்பி குடும்பத்தோடு உள்ளே. அவன் சாமான் வாங்க வரிசையில் நிற்பதை நான் ஒரு மேசையில் வைத்து, வினைச்சொல் எல்லாம் சரியாகப் போட்டு, புள்ளி வாங்குவதா? கேஸ் சொல்லிச் சொல்லி எங்கள் ஆட்களுக்கு ஒரு பழக்கம் வந்துவிட்டது. மேசையும் தாளும் பேனாவும் கண்டால் வாய் தன்பாட்டில் அந்தக் கதைக்குப் போய்விடும். என் வாய் போகாது என்று சத்தியம் பண்ணிவிட்டுத்தான் அன்றைக்குப் படியேறினேன். றகர் கதைப்பேன். எனக்குக் கோபம் வந்த, எனக்குத் தெரிந்த, நானே தேடிக்கொண்ட ஒரு விஷயத்தைக் கதைப்பேன்.

போய்க் கதைத்த லட்சணம், முதல் வசனத்திலேயே பதின்மூன்று பேரைச் சுட்டுவிட்டேன்.

அம்மா என் கையைத் தொட்டார். பிறகு, “நீங்கள் இவ்வளவு சொன்னதே காணும், மதாம். இதுக்கு மேல நான் கேக்கமாட்டன்,” என்றார். பேனா தாளில் பெட்டிகளை நிரப்பத் தொடங்கியது. தலைகீழாகப் பார்த்தாலும் எனக்கு இலக்கம் விளங்கும். வாரி வாரிப் போட்டுக்கொண்டிருந்தார்.

நான் செய்ய வேண்டியது ஒன்றுதான். குனிந்து தண்ணியைக் குடிப்பது. கடிதம் கையில், கார்தெரிக் குசினி கையில். யாருக்கும் நட்டமில்லை. அரை மிடறு குடித்தும்விட்டேன்.

கிளாசை வைத்துவிட்டு, “ஒருதரையும் சுடேல்லை, மதாம். எல்லாரும் உயிரோட இருக்கினம். நான் விளையாட்டைச் சொன்னனான்,” என்றேன்.

அவருடைய முகம் மாறியதை நான் மறக்கவில்லை. முதலில் ஆறுதல், பிறகு வெட்கம், பிறகு கோபம். நான் ஏமாற்றியதாக நினைத்தாரோ என்னவோ. கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, எழுதியதையெல்லாம் நீளமாகக் கோடிட்டு வெட்டினார். மிச்சம் ஏழு நிமிடம் இருக்கிறது, விளையாட்டைப் பற்றியே சொல்லுங்கள் என்று வெறும் குரலில் சொன்னார்.

சொன்னேன். பதின்மூன்று பேர், ஆறுதரம் விழுத்துவது, சுரங்க ஊர், பட்டாணி, எல்லாம் சொன்னேன். அவர் தாளைப் பார்த்தபடியே இருந்தார். இறங்கிய கதைக்கு வந்தேன். எங்களுக்குக் கீழே பிரெஞ்சு அணி இருந்தது, அவர்களை விட்டுவிட்டு எங்களை இறக்கினார்கள் என்றேன்.

தலை நிமிர்ந்தது. “பிரெஞ்சு அணியோ?”

“ஓம். ஒரேயொரு அணி. மிச்சமெல்லாம் இங்கிலிஷ்.”

அவ்வளவுதான், அம்மா பரீட்சையை மறந்தார். பேனாவை வைத்துவிட்டு மேசையில் முழங்கையை ஊன்றினார். “இங்கிலிஷ்காரருக்கு நடுவில ஒரேயொரு பிரெஞ்சு அணி. பாதுகாப்புக் குடுக்காட்டி ஒரு வருசத்தில துடைச்சு எறிஞ்சிடுவாங்கள். கியூபெக்கில இருந்துகொண்டு உங்களுக்கு இது விளங்கேல்லையோ?”

எனக்கும் ஏறிவிட்டது. “சின்னனைக் காப்பாத்த வேணும் எண்டதை எனக்கு நீங்கள் சொல்லித்தர வேண்டாம், மதாம். நான் தமிழ். ஆனா அந்தப் பாதுகாப்புக்கு ஆர் விலை குடுத்தது? பெரிய நகரத்து அணியள் ஒண்டும் குடுக்கேல்லை. என்ர ஊர்தான் குடுத்தது. ஒரு சின்னனைக் காப்பாத்த இன்னொரு சின்னனை எடுத்து எறியிறதோ?”

“சட்டம் முதலே தெரியும்தானே. தெரிஞ்சுகொண்டுதானே விளையாடினவை?”

“தெரிஞ்சால் சரியாப் போகுமோ?”

“அப்ப என்ன செய்திருக்க வேணும்? சொல்லுங்கோவன்.”

“அந்த வருசம் ஒரு இடத்தைக் கூட்டியிருந்தால் ஒருதரையும் இறக்க வேண்டி வந்திருக்காது,” என்றேன். “பதின்மூண்டு பேர் விளையாடுற விளையாட்டில பதின்மூண்டு அணி இருந்திருந்தால் வானம் இடிஞ்சு விழுந்திருக்குமோ?”

சொல்லி முடித்த பிறகுதான் என் வாயிலிருந்து வந்ததை நானே கேட்டேன். ‘இருந்திருந்தால்’, ‘விழுந்திருக்குமோ’. வைகாசியில் என் தொண்டைக்குள் நின்ற அதே வசனங்கள். கோபத்தில் தங்கள்பாட்டில் வெளியே வந்து மேசையில் நின்றன. அவருக்கும் அது விளங்கியது. ஆனால் அதற்காக அவர் விட்டுக்கொடுக்கவில்லை, நானும் விட்டுக்கொடுக்கவில்லை. நேரம் முடிந்து இரண்டு நிமிடம் ஆகியிருந்தது.

அவர் தாளை இழுத்தார். “இறக்கினதுக்கு நீங்கள் போட்ட சொல் பிழை. ‘ரெலெகே’ எண்டு சொல்லவேணும். அதுக்குப் புள்ளி வெட்டுறன்.”

“வெட்டுங்கோ,” என்றேன். இரண்டு நாட்டில் மேசைக்கு அந்தப்பக்கம் இருந்த ஆட்கள் என்னைப் பார்த்து இரங்கினார்கள், சந்தேகப்பட்டார்கள். பிழை விட்டதற்குப் பிழை என்று சொல்லிப் புள்ளி வெட்டியவர் இவர் ஒருவர்தான்.

வெட்டினார். ஆண்பால் பெண்பால் மாற்றிய இரண்டு இடத்துக்கும் சேர்த்து வெட்டினார். மிச்சத்தைக் கூட்டி, ‘சித்தி’, அதாவது பாஸ், என்ற பெட்டிக்குள் ஒரு அடையாளம் போட்டார். அதன்பிறகு, குறிப்பு எழுதுகிற இடத்தில், நான் பார்க்கத்தக்கதாகத் தாளைச் சற்றுத் திருப்பி வைத்துக்கொண்டு, ‘நன்றாக வாதாடுகிறார், ஆனால் கருத்துப் பிழை’ என்று எழுதி, பிழை என்ற சொல்லுக்குக் கீழே இரண்டு கோடு இழுத்துக் கையெழுத்து வைத்தார்.